கதைக்காக ஒரு காலச் சித்தர் மடத்தை எப்படிக் கட்டுவது?

கேள்வியைச் சுருக்கமாக முதலில் வைத்துவிடுகிறேன். ஒருவர் மிகுபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறார். காலத்தை ஆராய்ந்து, வேண்டும்போது அதை வளைக்கவும் தெரிந்த ஒரு சித்தர் மடம் அதில் வருகிறது. மலைமேல் இருக்கிறார்கள். கண்ணை மூடினால் காலம் நிற்கிறது, கையை அசைத்தால் பின்னால் ஓடுகிறது. படித்த நண்பர்கள், "நல்லா இருக்கு, ஆனா நம்ப முடியல" என்கிறார்களாம். மந்திரத்தை எப்படி நம்பவைப்பது, மடத்துக்குள் அன்றாடம் என்ன நடக்கும், கதையை யார் வழியாகச் சொல்வது, மடத்துக்கு என்ன பெயர் வைப்பது, காலம் பின்னால் போகத்தான் வேண்டுமா என்று ஐந்து சந்தேகங்கள் கேட்டிருக்கிறார்.

மந்திரத்தை விடுங்கள், அதை வாசகர் நம்பிவிடுவார். உங்கள் சித்தர்களுக்கு வேலை எதுவும் இல்லை என்பதுதான் இடிக்கிறது. காலையில் எழுந்து என்ன செய்கிறார்கள்? யாருக்குப் பதில் சொல்கிறார்கள்? தவறு செய்தால் என்ன ஆகிறது? இதற்கெல்லாம் உட்கார்ந்து யோசித்துக் கண்டுபிடிக்க வேண்டிய அவசியமே இல்லை. காலத்தைக் கையில் வைத்திருந்த கூட்டங்கள் உலகத்தில் நிஜமாகவே இருந்திருக்கின்றன. அவர்கள் வருஷத்தை நீட்டினார்கள், சுருக்கினார்கள், நாட்களைக் காணாமல் போகச் செய்தார்கள். அதற்கு இரண்டே விஷயம்தான் தேவைப்பட்டது: கணக்கு தங்களுக்கு மட்டும் தெரிந்திருக்க வேண்டும், ஊருக்கு அறிவிக்கும் உரிமையும் தங்களிடமே இருக்க வேண்டும்.

இதற்கு ரோமைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. குடியரசுக் காலத்து ரோமில் நாட்காட்டி போன்டிஃப் என்ற பூசாரிக் குழுவின் சொத்து. மாதத்தின் முதல் நாள் ஒரு இளநிலைப் பூசாரி கேபிடல் குன்றில் மக்களைக் கூட்டி, மாதத்தின் அடுத்த முக்கிய நாள் ஐந்தாம் நாளா ஏழாம் நாளா என்று கூவிச் சொல்வார். அவர் சொன்னால்தான் ஊருக்குத் தெரியும். வருஷத்துக்கு 355 நாள். சூரியனோடு ஒட்டிப் போக வேண்டுமே, அதனால் அவ்வப்போது பிப்ரவரி 23-க்கோ 24-க்கோ பிறகு மாதத்தை வெட்டிவிட்டு, 27 நாள் கொண்ட ஒரு கூடுதல் மாதத்தைச் செருகுவார்கள். அந்த வருஷம் 377 அல்லது 378 நாள் ஆகிவிடும். எந்த வருஷம் செருகுவது என்பதை முடிவு செய்வது பூசாரிகள்.

இப்போது யோசித்துப் பாருங்கள். ரோமில் பதவிக் காலம் ஒரு வருஷம். நமக்கு வேண்டியவர் பதவியில் இருந்தால் ஒரு மாதம் கூடுதல், வேண்டாதவர் இருந்தால் மாதமே கிடையாது. பூசாரிகள் இதைச் செய்தார்கள் என்று பழைய ஆசிரியர்களே குற்றம் சாட்டியிருக்கிறார்கள். கி.மு. 51-ல் சிசரோ என்ற அரசியல்வாதியை சிலிசியாவுக்கு ஆளுநராக அனுப்பினார்கள். இன்றைய துருக்கியின் தென்கரை அது. அவருக்கு அந்த ஊரும் பிடிக்கவில்லை, வேலையும் பிடிக்கவில்லை. நண்பர் அட்டிகஸுக்குக் கடிதம் எழுதுகிறார்: எப்படியாவது பார்த்து, இந்த வருஷம் கூடுதல் மாதம் போடவிடாமல் செய்துவிடு. அடுத்த பிப்ரவரியில் இன்னொரு கடிதம். ரோமில் மாதம் செருகினார்களா இல்லையா, தெரிந்தவுடன் எழுது என்கிறார். ஒரு மாகாணத்தையே ஆள்பவருக்கு, தலைநகரில் இன்று என்ன தேதி என்று தெரியவில்லை. எந்த மந்திரக்கோலும் இல்லாமல் காலத்தை வளைப்பது இதுதான். உங்கள் நாவலில் இப்படி ஒரு கடிதம் வந்தால் போதும், மடத்தின் பலம் பத்துப் பக்க வர்ணனை இல்லாமலே புரிந்துவிடும்.

கதை அதோடு முடியவில்லை. ஜூலியஸ் சீசர் கி.மு. 63-லேயே தலைமைப் பூசாரி ஆகிவிட்டார். போர், அரசியல் என்று அவர் அலைந்த வருஷங்களில் கூடுதல் மாதம் பெரும்பாலும் போடப்படவே இல்லை. நாட்காட்டி ஒரு பக்கம், பருவம் ஒரு பக்கம் என்று ஏறக்குறைய மூன்று மாதம் விலகிப்போயிற்று. கடைசியில் கி.மு. 46-ஆம் வருஷத்தை 445 நாளுக்கு இழுத்தார். பிப்ரவரிக்குப் பின் ஒரு மாதம், நவம்பருக்கும் டிசம்பருக்கும் நடுவில் இரண்டு மாதம். அலெக்சாண்டிரியாவின் வானியலாளர் சோசிஜெனிஸ் போட்டுக் கொடுத்த கணக்கின்படி மறு வருஷத்திலிருந்து புதிய நாட்காட்டி. யாரோ "நாளைக்கு யாழ் விண்மீன்கள் உதிக்கும்" என்று பேச்சுவாக்கில் சொல்ல, சிசரோ "ஆமாம், உத்தரவாயிற்றே" என்றாராம். கிரேக்க வரலாற்றாசிரியர் புளூடார்க் எழுதி வைத்திருக்கிறார்.

இதைவிட எனக்குப் பிடித்தது அப்புறம் நடந்தது. சீசரைக் கொன்றுவிட்டார்கள். நான்கு வருஷத்துக்கு ஒரு நாள் கூட்டு என்று அவர் விட்டுப்போன விதியைப் பூசாரிகள் தப்பாகப் புரிந்துகொண்டார்கள். இரண்டு முனையையும் சேர்த்து எண்ணுவது ரோமானியர் வழக்கம். அதனால் மூன்று வருஷத்துக்கு ஒருமுறை கூட்டிக்கொண்டே போனார்கள். 36 வருஷத்தில் ஒன்பது நாள் சேர வேண்டிய இடத்தில் பன்னிரண்டு சேர்ந்துவிட்டது. பிறகு பேரரசர் அகஸ்டஸ் தலையிட்டுச் சில லீப் நாட்களை விட்டுவிடச் சொல்லித்தான் சரிசெய்தார். கெட்ட எண்ணம் எதுவும் இல்லை, எண்ணத் தெரியவில்லை, அவ்வளவுதான். உங்கள் மடத்தில் ஒரு துரோகியை வைத்திருக்கிறீர்கள் என்று எழுதியிருந்தீர்கள். துரோகியை எல்லோரும் வைப்பார்கள். குருவின் விதியைப் பக்தியோடு, தப்பாகக் கடைப்பிடிக்கும் சீடர்களை வையுங்கள்.

நம் பக்கத்துக்கு வருவோம். கணக்கு மட்டும் கையில் இருந்து, அதன் காரணம் கைநழுவிப்போன ஒரு கூட்டம் எப்படி இருக்கும்? 1825-ல் சென்னையில் காலசங்கலிதம் என்ற தடித்த நூல் ஒன்று வெளியானது. எழுதியவர் ஜான் வாரன், அதற்கு முன் சென்னை வானாய்வகத்தைப் பொறுப்பேற்று நடத்தியவர். புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக்காரர் தன் கண் முன்னால் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டியதை அதில் பதிவு செய்திருக்கிறார். காகிதம் இல்லை, எழுதுகோல் இல்லை. தரையில் சோழிகளைப் பரப்பி வைத்துக்கொண்டு, மனப்பாடமான வாய்ப்பாட்டைச் சொல்லிச் சொல்லி நகர்த்துகிறார். அந்த வானியலின் கோட்பாடு அவருக்கு ஒன்றும் தெரியாது, நினைவாற்றல் மட்டும் அபாரம் என்கிறார் வாரன். அந்த வருஷம் மே 31-க்கும் ஜூன் 1-க்கும் இடைப்பட்ட இரவு நடந்த கிரகணத்துக்கு அவர் சொன்ன நேரத்தில் தொடக்கம் 4 நிமிடம், நடுப்பகுதி 23 நிமிடம், முடிவு 52 நிமிடம் பிசகியிருந்தது. தரையில் உட்கார்ந்து சோழி நகர்த்தியவருக்கு இது மோசமா? எனக்கு மலைப்பாகத்தான் இருக்கிறது.

அந்த வாய்ப்பாடுதான் வாக்கியம். வாக்கியப் பஞ்சாங்கம் என்கிறோமே, அதில் வரும் வாக்கியம் இது. வரருசி செய்ததாக மரபு சொல்லும் 248 சந்திர வாக்கியங்கள். ஒவ்வொன்றும் பார்ப்பதற்கு ஒரு சொற்றொடர். எழுத்துக்கு ஓர் எண் என்ற கடபயாதி முறையில் பிரித்தால் அந்த நாளைக்குச் சந்திரன் நிற்கும் இடம் கிடைக்கும். ஏன் 248? சந்திரன் பூமிக்கு மிக அருகில் வந்து, விலகி, மறுபடி அருகில் வர சுமார் 27.55 நாள் ஆகும். அப்படி ஒன்பது சுற்றுக்கு ஏறக்குறைய துல்லியமாக 248 நாள். அதே 248 நாள் சுழற்சி பாபிலோனியக் களிமண் பலகைகளிலும் இருக்கிறது. வாரனின் பதிவை 1952-ல் எடுத்து ஆராய்ந்த வானியல் வரலாற்றாய்வாளர் ஓட்டோ நாய்கெபாவர் இந்த ஒற்றுமையைத்தான் பிடித்தார். யூப்ரடீஸ் கரையில் எவரோ போட்ட கணக்கின் சாயல், புதுச்சேரியில் ஒருவர் வாயில், சோழியாகத் தரையில். ரகசிய மடம் என்றால் இருட்டுக் குகை வேண்டும் என்று யார் சொன்னது?

இன்னொன்று. ஒரே மடமாக வைக்காதீர்கள், இரண்டாக உடையுங்கள். மனப்பாடத்தை நம்பும் பிரிவு ஒன்று, வானத்தைப் பார்த்துத் திருத்தும் பிரிவு ஒன்று. மிகையாகத் தோன்றினால் நம் ஊர்ச் சனிப்பெயர்ச்சியைப் பாருங்கள். 2023-ல், வானத்தைப் பார்த்துத் திருத்திய திருக்கணிதப்படி சனி கும்பத்துக்குப் போனது ஜனவரி 17. மனப்பாட வாய்ப்பாடான வாக்கியப்படி டிசம்பர் 20. திருநள்ளாற்றில் வாக்கியம்தான், ஆகவே விழா டிசம்பரில். ஒரே கிரகம், பதினொரு மாத வித்தியாசத்தில் இரண்டு முறை பெயர்ந்தது. மக்கள் இதற்காக ஒன்றும் கலங்கவில்லை, இரண்டு தேதியிலும் பரிகாரம் செய்தவர்கள் உண்டு. உங்கள் கதையில் பேரழிவு எந்த நாளில் வரும் என்பதில் இரு பிரிவுக்கும் சண்டை என்று வையுங்கள். அரசன் எந்தப் பிரிவின் தேதிக்குப் படையைத் தயார் செய்வான் என்பதில் பாதி நாவல் ஓடிவிடும்.

இங்கே நீங்கள் ஒரு முடிவு எடுத்தாக வேண்டும். மடம் அறிவித்த காலமும் வானத்தின் காலமும் முட்டிக்கொண்டால், வளைவது எது? ரோமில் வளைந்தது ஊர். வாக்கியத்தில் எதுவும் வளைவதில்லை, இரண்டும் தம் பாட்டுக்குப் போகின்றன. மூன்றாவது விடை திருக்கடையூரில் இருக்கிறது. தை அமாவாசை அன்று, தியானத்தில் இருந்த அபிராமி பட்டரிடம் சரபோஜி மன்னர் இன்று என்ன திதி என்று கேட்க, அவர் பௌர்ணமி என்று சொல்லிவிடுகிறார். அரசனிடம் தப்பான திதி சொன்னதற்குத் தண்டனை. கீழே நெருப்பு, மேலே நூறு கயிற்றில் தொங்கும் உறி. அவர் பாடும் அபிராமி அந்தாதியில் ஒரு பாட்டு முடிந்தால் ஒரு கயிறு அறுபடும். எழுபத்தொன்பதாம் பாட்டில் அம்பாள் தாடங்கத்தை, அதாவது காதணியை, கழற்றி வீச, அது வானத்தில் நிலவாக நின்றது என்பது தலபுராணம். இங்கே வளைந்தது வானம். ஆனால் பாருங்கள், வானம் வளைந்ததற்குக் கணக்கு இருக்கிறது: தப்பு ஒன்று, நெருப்பு ஒன்று, எழுபத்தொன்பது கயிறு. உங்கள் சித்தர் கையை அசைத்தவுடன் காலம் நிற்பதை நண்பர்கள் நம்பாததற்குக் காரணம், அறுபடக் கயிறு எதுவும் இல்லாததுதான்.

விலை வேண்டும் என்றால் சித்தர் மரபிலேயே தயாராக ஒன்று இருக்கிறது, வெளியே தேடாதீர்கள். மனிதன் நாளொன்றுக்கு 21,600 முறை மூச்சு விடுகிறான் என்பது யோக நூல்களின் கணக்கு. நிமிடத்துக்குப் பதினைந்து வீதம் 24 மணி நேரத்துக்குப் பெருக்கினால் அதே எண் வரும். நாளுக்கு 60 நாழிகை, ஆக நாழிகைக்கு 360 மூச்சு. திபெத்தின் காலசக்கர மரபிலும் இதே 21,600 தான். வெளியே சுழலும் கிரகக் காலமும் உள்ளே ஓடும் மூச்சுக் காலமும் ஒன்றையொன்று ஒத்தவை என்பது அவர்கள் கொள்கை. திருமந்திரத்தின் மூன்றாம் தந்திரத்தில் காலச்சக்கரம், ஆயுள் பரீட்சை என்றே தனித் தலைப்புகள் உண்டு. காற்றைப் பிடிக்கும் கணக்கு தெரிந்தவருக்கு அது கூற்றை உதைக்கும் குறி என்று திருமூலர் சொல்வதும் அங்கேதான். ஆயுள் என்பது வருஷக் கணக்கில் இல்லை, மூச்சுக் கணக்கில் அளந்து கொடுக்கப்பட்டது. மெதுவாகச் செலவழித்தால் அதிக நாள் வரும். திருவாவடுதுறை அரசமரத்தடியில் அவர் மூவாயிரம் வருஷம் இருந்து, வருஷத்துக்கு ஒரு பாட்டாக மூவாயிரம் பாடினார் என்ற பெரியபுராணக் கதை இந்தக் கணக்கின் உச்சம்.

இதை அப்படியே கதையின் நாணயமாக ஆக்கிவிடலாம். ஒரு நாழிகை காலத்தை நிறுத்த வேண்டுமா? சித்தரின் இருப்பிலிருந்து 360 மூச்சு போகும். ஒரு நாளைத் திருப்பினால் 21,600. மடத்தில் ஒவ்வொருவருக்கும் ஓலையில் மூச்சுக் கணக்கு எழுதும் ஒரு கணக்கப்பிள்ளை இருக்கட்டும். பிறகு கடன் வரும். ஒருவன் மூச்சை இன்னொருவன் கணக்கில் மாற்றலாமா, செத்தவன் விட்டுப்போன மிச்சம் யாருக்கு, குழந்தையின் கணக்கைத் தொடலாமா என்று வழக்கு வரும். விதி ஒரு வரியில் இருக்க வேண்டும், வழக்கு நூறு வர வேண்டும். மாயமந்திரக் கதைகள் பெரும்பாலும் இதைத் தலைகீழாகச் செய்து, பக்கம் பக்கமாக விதி எழுதிவிட்டு வழக்கை மறந்துவிடுகின்றன. வாசகர் கொட்டாவி விடுவது அங்கேதான்.

மடத்தின் அன்றாடத்துக்குக் கிறிஸ்தவத் துறவிகளைப் பாருங்கள். ஆறாம் நூற்றாண்டில் பெனடிக்ட் எழுதிய மட விதியில், வழிபாட்டு நேரம் வந்துவிட்டது என்று பகலிலும் இரவிலும் அறிவிப்பது மடாதிபதியின் பொறுப்பு, அல்லது அவர் நம்பி ஒப்படைக்கும் கவனமான ஒரு சகோதரரின் பொறுப்பு. ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் தாமதமாக எழுந்துவிட்டால் வாசகங்களைச் சுருக்கிக்கொள்ளலாம் என்று சலுகையும் உண்டு; ஆனால் யாருடைய அசட்டையால் தாமதமானதோ அவர் வழிபாட்டுக் கூடத்தில் கடவுள் முன் பரிகாரம் செய்ய வேண்டும். அலாரம் இல்லாத காலம். அத்தனை பேர் தூங்க, ஒருவர் மட்டும் நட்சத்திரம் பார்த்துக்கொண்டு விழித்திருக்க வேண்டும். மேகம் மூடினால்? கண்ணயர்ந்தால்? ஒரு நல்ல அத்தியாயம் இதிலேயே இருக்கிறது, மாயம் கொஞ்சமும் இல்லாமல்.

குவாத்தமாலாவின் மாயா நாள்காப்பாளர்கள் வேறு ரகம். அவர்களுக்கு நாள் என்பது எண் கிடையாது, ஆள். 13 எண்களும் 20 பெயர்களும் சேர்ந்து சுழல, 260 நாளில் ஒரு சுற்று. ஒவ்வொரு நாளும் ஒரு தலைவர். மரியாதையாகக் கூப்பிட்டுப் பேச வேண்டும். குறி கேட்டு யாராவது வந்தால் சிவப்பு விதைகளை அள்ளி, நான்கு நான்காகக் கூட்டி வைத்து, அவற்றின்மேல் நாட்களை எண்ணிக்கொண்டே போவார்கள். எண்ணும்போது தன் உடம்பில் ரத்தம் எங்கே துடிக்கிறது என்பதும் பதிலில் சேரும். அந்த விதை நம் கல்யாண முருங்கையின் நெருங்கிய உறவுக்கார மரத்தினுடையது. ஸ்பானியர் வந்து ஐந்நூறு வருஷம் ஆகியும் மேட்டுநில ஊர்களில் இந்த எண்ணிக்கை இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. அழிந்துபோன ஞானம் என்று எழுதும் ஆசை வந்தால் இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

மடத்துக்குப் பெயர் கேட்டிருந்தீர்கள். சமஸ்கிருதத்தில் நீளமாக ஒன்று யோசித்து வைத்திருப்பதாகத் தெரிகிறது. முல்லைப்பாட்டில் அரசனின் பாசறையில் இருந்துகொண்டு, நீர் சொட்டும் கன்னல் என்ற நீர்க்கடிகாரத்தைப் பார்த்து, இத்தனை நாழிகை ஆயிற்று என்று கைகூப்பிச் சொல்பவர்கள் வருகிறார்கள். பொழுது அளந்து அறியும் பொய்யா மாக்கள் என்கிறது பாட்டு. பொய்யா மாக்கள் என்றே வைத்துவிடுங்களேன். அப்படி ஒரு பெயரை வைத்துக்கொண்டு அவர்கள் சொல்லும் முதல் பொய், கதையின் நடுவில் சரியாக வந்து உட்காரும்.

காலம் பின்னால் போக வேண்டுமா என்ற சந்தேகத்துக்கு: அவசியமில்லை, முன்னால் தாவினாலே போதிய சிக்கல் வரும். 1582-ல் கிரிகோரியன் நாட்காட்டி வந்தபோது ஸ்பெயினில் அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15. ஸ்பானியத் துறவி ஆவிலாவின் புனித தெரசா இறந்தது அந்த ஒரே இரவில். சாவுக்கும் அடக்கத்துக்கும் நடுவே தேதியில் பத்து நாள் காணாமல் போய்விட்டது. அந்தப் பத்து நாளுக்கு வட்டி உண்டா, வாடகை உண்டா, கூலி உண்டா என்று உங்கள் ஊர்க்காரர்கள் மடத்து வாசலில் வந்து நிற்கட்டும்.

கடைசியாக, யார் வழியாகச் சொல்வது? தலைமைச் சித்தர் வேண்டாம், அவருக்கு எல்லாம் தெரியும். தேர்ந்தெடுக்கப்பட்ட குழந்தையும் வேண்டாம், அலுத்துவிட்டது. மறுபடி ரோமுக்குப் போங்கள். எந்த நாளில் வழக்குத் தொடரலாம், எந்த நாளில் கூடாது என்பதும் அங்கே பூசாரிகளின் ரகசியமாக இருந்தது. சாமானியன் ஒவ்வொரு முறையும் போய்க் கேட்க வேண்டும். நேயஸ் ஃபிளேவியஸ் என்று ஓர் எழுத்தர், அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட குடும்பத்தில் வந்தவர். கி.மு. 304-ல் ஈடைல் என்ற நகர அதிகாரிப் பதவிக்கு வந்ததும், அந்த நாள் பட்டியலை வெள்ளைப் பலகையில் எழுதி, மன்றத்தில் எல்லோரும் பார்க்கும்படி வைத்துவிட்டார். கோபத்தில் பிரபுக்கள் தங்கள் தங்க மோதிரங்களைக் கழற்றினார்கள் என்கிறார் ரோமானிய வரலாற்றாசிரியர் லிவி. உடம்பு சரியில்லாத சக அதிகாரியைப் பார்க்க ஃபிளேவியஸ் போனபோது, அங்கே இருந்த பிரபு வீட்டு இளைஞர்கள் பேசி வைத்துக்கொண்டு எழுந்து நிற்கவில்லை. அவர் ஒன்றும் சொல்லவில்லை. தன் பதவி நாற்காலியை அங்கேயே எடுத்துவரச் சொல்லி, அவர்கள் முன்னால் போட்டு உட்கார்ந்தார். மூச்சுக் கணக்கு எழுதும் அந்தக் கணக்கப்பிள்ளைக்கு இந்த ஆளின் குணத்தைக் கொடுத்து, முதல் அத்தியாயத்தை அவனிடம் விட்டுவிடுங்கள்.